பினெலோப்பி மீது நான் கொண்ட சந்தேகம்

இந்த ஊர்ச் சங்கத்துக்குத் தலைமை தாங்கி, காலையிலிருந்து நான்கு முறை என்னிடம் சுருக்கமாகப் பேசும்படி எச்சரித்திருக்கும் திருமதி எவ்தோக்கியா அவர்களே. நாளை என் பேத்தியின் தலையில் எண்ணெய் பூசப்போகும் குருவானவர் லெஃப்தேரிஸ் அவர்களே. ஆடுகளை அடைத்துவிட்டு அவசரமாக வந்தமர்ந்த ஆன்றோர்களே. அடுப்பை அணைத்தோமா என்ற ஐயத்தோடு அமர்ந்திருக்கும் அன்னையர்களே. மூன்றாம் வரிசையில் கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டு, இந்த மனிதன் என்ன உளறப்போகிறானோ என்று பார்த்துக்கொண்டிருக்கும் என் மனைவி பினெலோப்பியே. அனைவருக்கும் என் மாலை வணக்கம்.

முதலில் மன்னிப்புக் கேட்கிறேன். இந்தத் தாளை நானே எழுதினேன். முன்வரிசைக்குத் தெரியும், என் எழுத்தின் அழகு: ஒரு வரி மேட்டில் ஏறுகிறது, அடுத்த வரி ஓடையில் இறங்குகிறது. பேனாவை மண்வெட்டி போலப் பிடிக்கிறேன் என்கிறார் ஆசிரியை. எழுபத்து நான்கு வயதில் எழுதக் கற்றவனுடைய கை வேறெப்படி இருக்கும்? நான் இடையில் நின்றால் உணர்ச்சிவசப்பட்டேன் என்று எண்ணாதீர்கள். நான் எழுதியதை என்னாலேயே படிக்க முடியவில்லை என்று பொருள். சிரியுங்கள், சிரியுங்கள். நானும் சிரித்துக்கொண்டேதான் எழுதினேன்.

இனி வழக்குக்கு வருகிறேன். ஆம், வழக்குத்தான்.

நாளை பதினொரு மணிக்கு என் மகன் ஃபோட்டிஸின் மூத்த மகளுக்கு ஞானஸ்நானம். மூத்த பெண்ணுக்குத் தகப்பனைப் பெற்றவளின் பெயர், அதாவது என் மனைவியின் பெயர், பினெலோப்பி. அது நம் வழக்கம். ஆனால் தொட்டியருகே நின்று பெயரைச் சொல்வது யார்? ஞானத்தகப்பன். அவன் வாயில் எது வருகிறதோ அதுவே பெயர். குருவானவர் அதன்மேல் எண்ணெய் ஊற்றிவிட்டால் பெற்றவனும் மாற்ற முடியாது. அந்த ஞானத்தகப்பன் யார்? அதோ, தூணில் சாய்ந்து நிற்கிறாரே, காப்பிக்கடை அர்கிரிஸ், அவர்தான்.

ஒரு மாதத்துக்கு முன் இதே அர்கிரிஸ் தன் கடையில் என் முன்னால் காப்பியை வைத்துவிட்டுச் சொன்னார்: "ஸ்டாமாட்டி, அந்தப் பேர் வேணுமான்னு யோசிக்கிறேன். அந்தக் காலத்துப் பினெலோப்பி கதை தெரியும்ல உனக்கு? நம்ம சமவெளியிலதான புதைச்சிருக்காங்க."

எனக்கு உடனே சந்தேகம். அர்கிரிஸின் தாய் பெயர் ஸ்தாவ்ரூலா. ஆகா, தன் தாயின் பெயரை என் பேத்தி தலையில் கட்டப் பார்க்கிறான் என்று நினைத்தேன். அவர் சத்தியம் செய்தார். சத்தியம் செய்ததால் சந்தேகம் இரண்டு மடங்கானது.

ஆகவே ஆசிரியையிடம் புத்தகம் வாங்கினேன். விரலை வைத்து, எழுத்து எழுத்தாக, பதினோரு நாள் படித்தேன். எத்தனை கதைகள் ஐயா ஒரு பெயருக்குள்! அந்தப் பழங்காலப் பினெலோப்பி இத்தாக்கா அரசனின் மனைவி; பிறந்தபோது அவளுக்கு வேறு பெயர் இருந்ததாம். பெண் குழந்தை வேண்டாம் என்று பெற்றவர்களே கடலில் எறிந்தார்களாம். வரிச் சிறகு வாத்துகள் வந்து, இறகில் தாங்கி, அவளைக் கரை சேர்த்தனவாம். அந்த வாத்தின் பெயரே அவள் பெயரானது என்கிறார்கள் சிலர். இல்லை, தறியில் குறுக்கே ஓடும் ஊடை நூலின் பெயரிலிருந்து வந்தது என்கிறார்கள் வேறு சிலர். கணவன் போருக்குப் போயிருந்தபோது, பகலில் நெய்து இரவில் பிரித்து, தன்னை மணக்க வாசலில் நின்ற நூற்றெட்டு ஆண்களை ஏமாற்றியவள் அல்லவா? வாத்தா, நூலா? எதுவானால் என்ன? மூழ்கவிடாதது ஒன்று, அறுந்துபோகாதது மற்றொன்று.

ஆனால் அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். அர்கிரிஸ் சொன்னது அங்கே இருந்தது. இருபது ஆண்டு கழித்துத் திரும்பிய கணவன் அவள்மேல் ஐயம் கொண்டு துரத்தினானாம். அவள் அலைந்து அலைந்து நம் சமவெளிக்கு வந்து செத்தாளாம். இதை இத்தாக்காக்காரன் சொல்லவில்லை. நம் முன்னோர்கள் சொல்லியிருக்கிறார்கள். நம்மவர்களே சொல்லியிருக்கிறார்கள்.

அன்று மாலை என்ன செய்தேன் தெரியுமா? சொல்ல வெட்கமாக இருக்கிறது. பினெலோப்பியே, தலையைக் குனியாதே, குனிய வேண்டியவன் நான். ஒன்பது ஆண்டு நான் சரக்குக் கப்பலில் இருந்தேன். அந்த ஒன்பது ஆண்டும் இவள் இங்கே தனியாக இருந்தாள். புத்தகத்திலிருந்த சந்தேகம் எழுந்து வந்து என் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டது. அடுத்த வீட்டுக்காரர் ஏன் எங்கள் கூரைக்கு ஓடு மாற்றிக் கொடுத்தார்? தபால்காரர் ஏன் சைக்கிளை எங்கள் மதிலில் சாய்த்தார்? ஐம்பது ஆண்டுக்கு முந்தைய சைக்கிளை நினைத்து நான் அன்று சோறு உண்ணவில்லை.

இவள் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நான் கேட்டேன். சுற்றி வளைத்துக் கேட்டேன். கதையைப் பற்றிக் கேட்பது போலக் கேட்டேன். இவள் கத்தியைக் கீழே வைக்கவில்லை.

"உனக்குப் படிக்க வந்துடுச்சு, சந்தோஷம். ஒன்பது வருஷம் நான் எந்த வீட்டுல இருந்தேன்னு ஊருக்கே தெரியும். நீ எந்த ஊர்ல எந்த வீட்டுல இருந்தேன்னு நான் ஒரு நாளாவது கேட்டிருக்கேனா, ஸ்டாமாட்டி?"

அவையோரே, நான் எழுந்து முற்றத்துக்குப் போனேன். வேறென்ன செய்ய?

மறுநாள் மறுபடியும் புத்தகத்தைத் திறந்தேன். இப்போது என் சந்தேகம் வேறு பக்கம் திரும்பியிருந்தது. அந்தக் கணவன் ஒரு தீவில் ஒரு வருடம் மந்திரக்காரி வீட்டில் இருந்தான். இன்னொரு தீவில் ஏழு வருடம் இன்னொருத்தி வீட்டில் இருந்தான். அவனை யாராவது கேட்டார்களா? வீட்டைக் காத்தவள்மேல் சந்தேகம், வீதியெல்லாம் திரிந்தவனுக்கு விருந்து. இது என்ன நியாயம்? தங்கியவளுக்குப் பழி, தாமதித்தவனுக்குப் புகழ். இது யார் எழுதிய நீதி? அவள் துரத்தப்பட்டாள் என்ற கதையை முதலில் சொன்னது யார்? வெகுநாள் வெளியே இருந்துவிட்டு வந்து, தன்னை யாரும் கேள்வி கேட்டுவிடக் கூடாது என்று முந்திக்கொண்டு கேள்வி கேட்ட ஒருவன்தான். எனக்கு அவனை நன்றாகத் தெரியும். தினமும் அவனுக்குச் சவரம் செய்கிறேன்.

ஆகவே அர்கிரிஸ், ஊரறியக் கேட்கிறேன். கடலில் எறிந்தும் மிதந்த பெயர். நூற்றெட்டுப் பேர் வாசலில் நின்றும் தளராத பெயர். நம்மூரே அவதூறு சொல்லியும் அழியாத பெயர். அந்தப் பெயரை நாளை அந்தப் பச்சைக் குழந்தைக்குச் சொல்வீரா, மாட்டீரா?

என்ன? உரக்கச் சொல்லும், பின்வரிசைக்குக் கேட்கவில்லை.

"முதல்ல நீ அவளுக்குப் பதில் சொல்லு. அப்புறம் நான் பேர் சொல்றேன்."

கை தட்டாதீர்கள் தாய்மார்களே. சரி, தட்டுங்கள். கேட்டது சரியான கேள்வி. அவர் கேட்பார் என்று நான் எதிர்பார்க்கவில்லை, ஆனால் பதில் என் சட்டைப் பையில் இருக்கிறது. இந்தச் சொற்பொழிவை எழுத எனக்கு நான்கு நாள் ஆனது. இந்த இன்னொரு தாளை எழுத ஆறு நாள் ஆனது. பெரிய துறைமுகம் ஒன்று, அங்கே ஒரு தெரு, அதில் ஒரு வீடு. வாயால் சொல்லியிருந்தால் பொய் கலந்திருப்பேன், எனக்கு அது கைவந்த கலை. எழுத்தில் பொய் சொல்லும் அளவுக்கு நான் இன்னும் படிக்கவில்லை.

திருமதி எவ்தோக்கியா, ஒரு நிமிடம் பொறுங்கள். இதை மூன்றாம் வரிசைக்குக் கொடுங்கள். யாரும் எட்டிப் பார்க்காதீர்கள், அது அவளுக்கு மட்டும்.

படிக்கிறாள். பார்த்தீர்களா, எவ்வளவு வேகம். ஆறு நாள் எழுதியதை அரை நிமிடத்தில் முடித்துவிட்டாள். மடிக்கிறாள். கைப்பையில் வைக்கிறாள். கிழிக்கவில்லை, அதைக் கவனியுங்கள்.

"பேரை வெச்சுடு அர்கிரி. அது அந்த வாத்தோட பேரு, என்னோட பேரு. இவரோட சந்தேகத்தோட பேரு இல்ல."

அர்கிரிஸ் தலையாட்டிவிட்டார். குருவானவரே, நீரே சாட்சி. நான் அவரை நம்பினாலும் நாளை தொட்டிக்குப் பக்கத்திலேயே நிற்பேன்.

வாய்ப்பளித்த தலைவிக்கு நன்றி, பொறுத்துக்கொண்ட பெரியோருக்கு நன்றி, சிரித்த அன்னையருக்கு இரண்டு மடங்கு நன்றி. நாளை அனைவரும் வாருங்கள், ஆட்டிறைச்சி உண்டு, திராட்சை மது உண்டு. நலமாக இருங்கள், நீடூழி வாழுங்கள்.

என்ன பினெலோப்பி? உட்கார், ஏன் எழுந்தாய்?

"இதுல ஒரு ஊர்தான் இருக்கு, ஸ்டாமாட்டி. மீதி?"

அடுத்த வாரம் எழுதுகிறேன்.