அடுத்த படம்

பிரின்ஸ்டன் ஜங்ஷனில் ரயில் ஏறிய இரண்டு தமிழ்ப் பெண்கள் என் முன்சீட்டில் உட்கார்ந்தார்கள்.

"நேத்து ஒரு ஆஃப்ரிகான்ஸ் படம் பாத்து அழுதுட்டேன்," என்றார் மூத்தவர்.

"அந்த பாஷை உங்களுக்கு எப்படி ஆன்ட்டி தெரியும்?"

"நான் பிறந்தது தென்னாப்பிரிக்காவுல. கல்யாணம் ஆகித்தான் மெட்ராஸ் வந்தேன். இங்கிலீஷ்காரங்க அந்த பாஷையை சமையல்கட்டு பாஷைம்பாங்க. அதுல எவன் படம் பாப்பான்னு எல்லாரும் சிரிச்சப்போ, ஒரு வெள்ளைக்கார டைரக்டர் பிடிவாதமா இந்தப் படத்தை எடுத்தார். அந்த பாஷை பேசற வெள்ளைக்காரங்களோட அறுவடை, கல்யாணம், பாட்டு எல்லாம் வரும். எங்கப்பாதான் செட் போட்ட தச்சர்."

"தியேட்டர்ல பாத்தீங்களா?"

"வெள்ளைக்காரங்க தியேட்டர்ல எங்களை விடமாட்டாங்கம்மா. அதனால அவரே ப்ரொஜெக்டரோட எங்க வீட்டுக்கு வந்து, சுவத்துல ஓட்டிக் காட்டினார். முடிஞ்சதும், 'நல்லா இருந்துதா?'ன்னு எங்கம்மாவைக் கேட்டார். 'நல்லா இருந்தது, எங்க தெருவைத்தான் காணோம்'னாங்க அம்மா. அவர் முகமே சிவந்துபோச்சு. 'அடுத்த படத்துல நீங்க நடிக்கணும்'னார்."

"நடிச்சாங்களா?"

"இனிமே இங்கிலீஷ்ல எடுன்னு படக் கம்பெனி சொல்லிச்சு. மாட்டேன்னுட்டார். அதோட அவருக்குப் படமே அமையல. இப்ப என் பையன் எங்கேயோ தேடி அந்த முதல் படத்தோட வீடியோ கேசட்டை வாங்கிட்டு வந்தான்."

ஆன்ட்டி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அந்த இன்னொரு படத்தை மட்டும் எடுத்திருந்தா, எங்கம்மா பேசறதை நேத்து கேட்டிருப்பேன்."