கையை விட்டது

என் பெயர், தகப்பனார் பெயர், தற்போதைய முகவரி ஆகியவை முதல் தாளில் எழுதியுள்ளபடி சரியானவை. எனக்கு வயது எழுபத்தொன்று. வேதியியலில் முதுகலை படித்து, குடிநீர்ப் பரிசோதனைக் கூடத்தில் பரிசோதகராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். என் மனைவி இறந்த பிறகு மகள் வீட்டில் வசித்து வருகிறேன். எனக்கு அவள் ஒரே பிள்ளை. இதற்கு முன் என் மீது எந்தப் புகாரும் வந்ததில்லை. இங்கே என்னை யாரும் மிரட்டவில்லை. இன்ஸ்பெக்டர் நாற்காலி கொடுத்து, நிதானமாகச் சொல்லும்படி கேட்டுக்கொண்டார்.

என் மனைவியின் அண்ணன், மருந்துக் கடை வைத்திருப்பவர், தன் தங்கையின் சாவில் சந்தேகம் இருப்பதாக மனு கொடுத்துள்ளார் என்றும், அதற்கு ஆதாரமாக என் தம்பி எழுதிய நாவலை இணைத்துள்ளார் என்றும் தெரிவித்தார்கள். நாவலில் மூலை மடித்திருந்த இரண்டு பக்கங்களைக் காட்டினார்கள். அவற்றின் ஓரத்தில் இருப்பது என் கையெழுத்துத்தான். அது அங்கே எப்படி வந்தது என்பதை அதற்குரிய இடத்தில் சொல்கிறேன்.

சம்பவம் நடந்தபோது நாங்கள் மூன்றாவது மாடியில் குடியிருந்தோம். அன்று காலை மனைவியைக் கண் மருத்துவரிடம் அழைத்துப் போக வேண்டியிருந்தது. அவளுக்கு ஒரு கண்ணில் புரை, முழங்காலில் வலி. லிஃப்ட் பழுதாகி நின்றிருந்தது. நான் அடுப்பை அணைத்திருக்கிறேனா என்று பார்த்து, வீட்டைப் பூட்டி, பூட்டை இழுத்துப் பார்த்து, மறுபடியும் இழுத்துப் பார்த்தேன். அது என் பழக்கம். பரிசோதனைக் கூடத்திலும் எந்த முடிவையும் இரண்டாம் முறை சோதிக்காமல் கையெழுத்துப் போட்டதில்லை. யார் எதைக் கேட்டாலும் முதலில் "பாப்போம்" என்று சொல்வேன் என்பதால் உடன் வேலை செய்தவர்கள் எனக்கு அதையே பெயராக வைத்திருந்தார்கள். என் மனைவி படிக்கட்டின் மேல்படியில் நின்றுகொண்டு, "நீங்க பூட்ட இழுத்துப் பாத்து முடிக்கறதுக்குள்ள டாக்டர் ரிட்டையர் ஆயிடுவாரு" என்றாள். அதைச் சண்டை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. எங்கள் வீட்டில் பேச்சே அப்படித்தான்.

அதன் பிறகு நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினேன். முதல் மாடிக்குச் சற்று மேலே, படி திரும்பும் இடத்தில், "விடுங்க. கை வேர்க்குது. கைதிய இழுத்துட்டுப் போற மாதிரி" என்றாள். நான் உடனே கையை விட்டேன். ஊரில் எல்லோரிடமும் பார்ப்போம் என்று சொல்கிறவன், அவள் சொன்னதை மட்டும் எப்போதும் உடனே செய்துவிடுவேன். அவள் கைப்பிடிக் கம்பியைத் தேடிக் கையை நீட்டினாள். அந்தத் திருப்பத்தில் ஒரு கம்பி முடிந்து, கொஞ்சம் இடம் விட்டு அடுத்த சுவரில் வேறு கம்பி தொடங்குகிறது. அவள் கை அந்த இடைவெளியில் போனது. விழுந்தாள். அன்று மாலை ஆஸ்பத்திரியில் இறந்துபோனாள். அப்போது வந்து விசாரித்த காவலர், தவறி விழுந்து இறந்ததாக எழுதிக்கொண்டார். என் மைத்துனரும் அதில் சாட்சியாகக் கையெழுத்துப் போட்டார்.

காரியங்கள் முடிந்த பிறகு என் தம்பி தினமும் பிற்பகலில் என்னைப் பார்க்க வரத் தொடங்கினான். அவன் அதற்கு முன் இரண்டு நாவல்கள் எழுதியிருந்தான். அவற்றை நண்பர்கள்கூட இலவசமாகத்தான் வாங்கிக்கொண்டார்கள். அதற்குப் பிறகு பல வருடங்கள் அவனால் எழுத முடியவில்லை. "உள்ள ஒண்ணுமே இல்லண்ணே, கவுத்து வெச்ச பாத்திரம் மாதிரி கெடக்கேன்" என்று என் மனைவி உயிரோடு இருந்தபோதே எங்கள் வீட்டில் வந்து அழுதிருக்கிறான். அவள்தான் அவனுக்குத் தட்டு வைத்துச் சாப்பாடு போட்டு, எழுதாவிட்டால் உலகம் நின்றுவிடாது என்று தேற்றி அனுப்புவாள். ஆகவே அண்ணி போன துக்கத்தில்தான் வருகிறான் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

அவன் சில கேள்விகள் கேட்பான். படிக்கட்டுச் சுவர் என்ன நிறம், அவள் எந்தச் செருப்புப் போட்டிருந்தாள், கையை விட்டதும் என் கைக்கு எப்படி இருந்தது என்று கேட்டான். கடைசிக் கேள்விக்கு யோசித்துவிட்டு, "லேசா இருந்துச்சு" என்று சொன்னேன். ஒருவரைத் தாங்கிப் பிடித்த கை விட்டதும் லேசாகத்தான் இருக்கும். அதற்கு மேல் அந்தச் சொல்லில் ஒன்றுமில்லை. இன்னொரு நாள் என்னை அடக்க முடியாமல், "நான்தான்டா அவ கைய விட்டேன்" என்று சொல்லி அழுதேன். அவன் என் தோளைத் தட்டிக்கொடுத்தான். அவன் ஒரு நாளும் எதையும் குறித்துக்கொள்ளவில்லை. அதனால் தம்பியாகத்தான் கேட்கிறான் என்று நம்பினேன்.

அடுத்த வருடம் அவனுடைய நாவல் வந்தது. அதன் வெளியீட்டுக் கூட்டத்துக்கு என்னை அழைத்து இரண்டாம் வரிசையில் உட்கார வைத்தான். நான் அப்போது நாவலைப் படித்திருக்கவில்லை. பேசியவர்கள், மனித மனத்தின் இருட்டை இவ்வளவு துணிச்சலாக யாரும் தோண்டியதில்லை என்றும், தான் யார் என்று தனக்கே தெரியாத ஒருவனின் குரலை ஆசிரியர் பிடித்துவிட்டார் என்றும் பாராட்டினார்கள். அதன் பிறகு என் தம்பி மைக்கைப் பிடித்து, "இதுல ஒரு சொல்லுகூட கற்பனை கெடையாது. இது ரத்தம். அந்த ரத்தம் இந்த அரங்கத்துலயே உக்காந்திருக்கு" என்று சொல்லி, என்னை எழுந்து நிற்கச் சொன்னான். நான் எழுந்து நின்றேன். கை தட்டினார்கள். நான் கும்பிட்டேன்.

கூட்டம் முடிந்த பிறகு என் மைத்துனர் என்னிடம் வந்தார். பேச்சு நடந்துகொண்டிருந்தபோதே அவர் பின்வரிசையில் உட்கார்ந்து புத்தகத்தைப் படித்துக்கொண்டிருந்தார் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. அவர் ஒரு பக்கத்தைத் திறந்து என் முன்னால் நீட்டி, "இதுல ஒரு கையெழுத்துப் போடுங்க மாப்ள. பெருமைதானே" என்றார். நான் கண்ணாடியை எடுத்துக்கொண்டு போகவில்லை. பக்கத்தில் ஆட்கள் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். கூச்சமாக இருந்தது. போட்டுக் கொடுத்துவிட்டேன். பிறகு எதிர்ப் பக்கத்திலும் போடச் சொன்னார், அதிலும் போட்டேன். சோதிக்காமல் நான் போட்ட கையெழுத்துகள் அவை இரண்டும்தான்.

மறுநாள் காலை நாவலைப் படித்தேன். அது முழுவதும் "நான்" என்று எழுதப்பட்டிருந்தது. அந்த நான் தண்ணீர் பரிசோதிப்பவன். அவனுக்குப் பட்டப்பெயர் பாப்போம். அவன் மனைவி அவனைப் பூட்டு விஷயத்தில் கேலி செய்கிறாள். விடுங்க என்று அவள் சொல்வது மட்டும் நாவலில் இல்லை. அந்த இடத்தில் படிக்கட்டு ஜன்னல் வழியாக வெயில் விழுந்து கைப்பிடிக் கம்பியில் ஒரு கோடாக நிற்கிறது. அவன் அதைப் பார்த்துக்கொண்டே, இத்தனை வருடம் அடங்கிக் கிடந்ததை நினைத்து, விரல்களை ஒவ்வொன்றாகத் திறக்கிறான். "கை லேசானது. என் கை முதன்முறையாக என்னுடையதாயிற்று. அன்று நான் அவளைக் கைவிட்டேன்" என்று அந்தப் பகுதி முடிகிறது. முந்தின நாள் நான் கையெழுத்துப் போட்ட இரண்டு பக்கங்களும் அவைதான். நன்றாக எழுதியிருக்கிறான் என்பதை நான் மறுக்கவில்லை.

நான் சொன்னது கையை விட்டேன் என்பது. அவன் எழுதியது கைவிட்டேன் என்பது. பிடித்திருந்த கையை விடுவது வேறு, ஒருவரைக் கைவிடுவது வேறு. இதை நான் இங்கே விளக்க வேண்டியதில்லை. ஆனாலும் சற்று முன் நான் சொல்லச் சொல்ல எழுதிய எழுத்தர் ஐயாவும் ஓரிடத்தில் கைவிட்டேன் என்றே எழுதி, நான் திருத்தச் சொன்னபோது, "ரெண்டும் ஒண்ணுதான சார், ஒரு எழுத்துதான் வித்தியாசம்" என்றார். திருத்திக் கொடுத்தார். அவருக்கு என் நன்றி.

என் மகளும் நாவலைப் படித்தாள். அவள் துணிகளை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தபோது, என்னைப் பார்க்காமல், "அப்பா, அந்த ரெண்டு பக்கம் நெஜமா?" என்று கேட்டாள். இல்லை என்று அந்த நொடியே சொல்லியிருக்க வேண்டும் என்பது எனக்கு இப்போது தெரிகிறது. ஆனால் அவள் கேட்டது என் மனசுக்குள் அந்த நொடியில் என்ன இருந்தது என்பதை. அதைச் சரிபார்க்காமல் சொல்லக் கூடாது என்று எனக்குப் பட்டது. "யோசிச்சுச் சொல்றேம்மா" என்றேன். அவள் இஸ்திரிப் பெட்டியின் பிளக்கைப் பிடுங்கிவிட்டு உள்ளே போனாள்.

அதற்கு முன்பெல்லாம் படியிறங்கும்போது, நான் தடுக்கினால் பிடிக்கலாம் என்று அவள் எனக்கு முன்னால் இறங்குவாள். அதன் பிறகு என்னை முன்னால் போகவிட்டு, சுவர் ஓரமாகப் பின்னால் இறங்குகிறாள். இன்று இங்கே வந்தபோதும் அப்படித்தான் வந்தோம்.

நான் உண்மையாகவே யோசித்தேன். யோசிக்க உட்காரும்போதெல்லாம் என் தம்பியின் வாக்கியங்கள்தான் முதலில் வந்தன. வெயில் கோடு தெரிந்தது. விரல்கள் ஒவ்வொன்றாகத் திறப்பதும் தெரிந்தது. நான் அப்படித்தான் செய்தேனோ என்று பயந்து, பழைய வீட்டுக்குப் போய் அந்தத் திருப்பத்தில் நின்று பார்த்தேன். அங்கே ஜன்னல் கிடையாது. பகலிலும் விளக்குப் போட்டால்தான் படி தெரியும். எனக்கு நினைவிருந்த அந்த வெயில் என்னுடையது இல்லை என்று அப்போது உறுதியானது. விரல்களும் அப்படித்தான். அவள் விடுங்க என்றதும் ஒரேயடியாக விட்டேன், ஒவ்வொன்றாகத் திறக்க நேரமே இல்லை. இப்படி ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தேன். லேசாக இருந்தது என்ற ஒன்றை மட்டும் கழிக்க முடியவில்லை, ஏனென்றால் அது நானே சொன்னது. அதை வைத்துக்கொண்டுதான் இத்தனை மாதமும் மல்லுக்கட்டினேன்.

நேற்று என் தம்பியையும் இங்கே விசாரித்தார்கள் என்று அறிகிறேன். நாவல் என்றால் கற்பனைதானே சார், அதில் ஒரு வார்த்தையும் நடந்தது இல்லை என்று அவன் எழுதிக் கொடுத்திருப்பதாக இன்ஸ்பெக்டர் சொன்னார். இன்று காலை அவன் வெளியே நடைபாதையில் என்னைப் பார்த்தான். அப்படியானால் மேடையில் சொன்னது என்ன என்று நான் கேட்டேன். மேடை வேறு, ஸ்டேஷன் வேறு என்றான். ஜன்னல் இல்லாத இடத்தில் வெயில் எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். "அது இல்லேன்னா அந்த சீன் நிக்காதுண்ணே" என்றான். அதன் பிறகு, "நான் அவளைக் கொன்னேன்னு நீ நெனைக்கிறியா?" என்று கேட்டேன். அவன், "நான் எங்கண்ணே அப்படி எழுதினேன்? நீங்க சொன்ன வார்த்தையத்தான எழுதினேன்" என்றான். போகும்போது என்னைப் பயப்பட வேண்டாம் என்றும், மனு விஷயம் பேப்பரில் வந்ததிலிருந்து புத்தகத்தை மறுபடியும் அச்சடிக்கிறார்கள் என்றும் சொன்னான். அவன் அதை ஆறுதலாகத்தான் சொன்னான் என்று நினைக்கிறேன். அவனுக்கு இப்போது நன்றாக எழுத வருகிறதாம்.

இன்ஸ்பெக்டர் கேட்ட கேள்விகளுக்குப் பதில்: எனக்கும் மனைவிக்கும் பகை இல்லை. அவள் பேரில் காப்பீடோ சொத்தோ கிடையாது. என் மைத்துனர் மீது எனக்குக் கோபம் இல்லை, தங்கையைப் பறிகொடுத்தவர், அச்சில் வந்ததை நம்பினார். தம்பி மீது புகார் கொடுக்க விரும்புகிறேனா என்று கேட்டார்கள். அவன் திருடியது எதை என்று ஒரு வரியில் எழுதச் சொன்னால் எனக்கு எழுதத் தெரியாது. ஆகவே புகார் இல்லை.

அவளைக் கீழே விழச் செய்யும் எண்ணமோ, அவள் இல்லாமல் போனால் நல்லது என்ற நினைப்போ கையை விட்ட அந்த நேரத்தில் எனக்கு இருந்ததா என்ற கேள்விக்கு என் பதில், இல்லை. இதே பதில்தான் என் மகளுக்கும். இந்த ஒரு சொல்லைச் சரிபார்த்துச் சொல்ல எனக்கு நான்கு மாதங்கள் ஆகிவிட்டன. அந்த நான்கு மாதங்களையே அவள் பதிலாக எடுத்துக்கொண்டாள்.

நான் சொல்லச் சொல்ல எழுதப்பட்ட இது எனக்கு வாசித்துக் காட்டப்பட்டது. திருத்தச் சொன்ன இடங்கள் திருத்தப்பட்டன. வேறொருவருடைய வாக்கியம் எதுவும் இதில் கலக்கவில்லை என்று என்னால் சோதிக்க முடிந்த அளவுக்குச் சோதித்துவிட்டேன். அந்த அளவுக்கு இது உண்மை.

(ஒப்பம்)