அப்டேட் ஆகுதுப்பா

தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு வந்தால் எடுக்க மனம் வருவதில்லை, ஐயா. உங்களுக்கும் அப்படித்தான் இருக்கும். முக்கால்வாசிப் பேர் கடன் தருகிறேன் என்பவர்கள்.

திரையில் எந்தப் பிழை எண் வந்தாலும் எங்கள் வீட்டில் என்னைத்தான் கூப்பிடுவார்கள். தேடிப் பார்த்துப் பொருள் சொல்வேன். மனைவியின் பிரிண்டரிலிருந்து மாடிவீட்டுக்காரரின் வாஷிங் மெஷின் வரை நான்தான் வைத்தியர். அப்பாவிடம் மட்டும் என் பேச்சு செல்லாக்காசு. மணி என்ன என்று பார்த்துச் சொன்னால்கூட, "எதுக்கும் தங்கச்சியைக் கேளு" என்பார். தங்கை வெளிநாட்டில் டாக்டர். அங்கே அப்போது வேறு மணி.

நுரையீரல் கெட்டுப் படுத்தவருக்கு ஆக்சிஜன் மெஷின் வாங்கித் தந்தவளும் அவள்தான். தூக்கி உட்காரவைத்து, துடைத்து, துணி மாற்றியவன் நான். பார்க்க வருகிறவர்களிடம் அவர் மெஷினைத்தான் காட்டுவார். "என் பொண்ணு வாங்கினது." அதில் எனக்கு வருத்தமில்லை.

மெஷினில் கோளாறு என்றால் கம்பெனிக்கே தகவல் போய்விடும். அங்கிருந்து எனக்கு அழைப்பார்கள். முன்பு ஒருமுறை பேசியிருக்கிறேன். மரியாதையான பெண்.

அன்று மத்தியானம் இ-21 என்று காட்டியது. தேடினேன். ஆக்சிஜன் குறைகிறது, உடனே சிலிண்டருக்கு மாற்றவும் என்று போட்டிருந்தது. சிலிண்டர் கட்டிலை ஒட்டித்தான் நின்றது. அதற்குள் போன் அடித்தது. புது எண். யார் என்று ஊகிக்கப் பெரிய மூளை வேண்டாம். மறுபடி அடித்தது.

"யாருங்க அது, விடாம?" வேலைக்குக் கிளம்பிக்கொண்டே மனைவி கேட்டாள்.

"லோன் வேணுமான்னு கேக்கறவங்க."

அவள் போனதும் எண்ணை பிளாக் செய்தேன். அப்போதுதான் கத்தத் தொடங்கிய மெஷினின் அலாரத்தையும் அணைத்தேன். அப்பாவுக்குச் சத்தம் ஆகாது.

அவர் கண் திறந்தார். "என்னடா காட்டுது?"

"அப்டேட் ஆகுதுப்பா. கொஞ்ச நேரம் மூச்சு வாங்கும், அப்புறம் சரியாயிடும்."

என்னையே பார்த்தார். பிறகு, "சரிடா. நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்று கண்ணை மூடிக்கொண்டார்.

நகம் நீலமாகும்வரை அவர் கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே இருந்தேன். வேறு எந்தப் பிள்ளை இருப்பான்?

ஒரு வார்த்தை சந்தேகப்பட்டிருந்தால் சிலிண்டருக்கு மாற்றியிருப்பேன், ஐயா. ஆயுசு முழுக்க என்னை நம்பாதவர், அன்றைக்கென்று நம்பினார். அது அவர் செய்த தப்பு.