அப்பாவின் முடிச்சு

என் அப்பா போட்ட முடிச்சு தானாக அவிழாது, ஐயா. எங்கள் தீவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். படகின் மிதவையைச் சரியாகக் கட்டவில்லை என்று அவரைப் பிடித்து வைத்திருக்கிறீர்கள். அவரை விட்டுவிடுங்கள்.

ஆர்வின் கோடை விடுமுறைக்கு மணிலாவிலிருந்து தன் அத்தை வீட்டுக்கு வந்தவன். ஏப்ரல் முழுக்க நான்தான் அவனுக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்தேன். இடுப்பளவு தண்ணீரைத் தாண்டினால் என் தோளைப் பிடித்துக்கொள்வான். உண்மையைச் சொன்னால், அவன் கற்றுக்கொள்ளாததில் எனக்குச் சந்தோஷம்தான்.

மே மாதச் சிலுவை ஊர்வலத்தில் நான் ராணி வேடம் போட்டேன். அவன் என் கையைப் பிடித்துக்கொண்டு ஊர் முழுக்க நடந்தான். என் சித்தி மகள் ஜோவி சும்மா இருப்பாளா?

"ஏய் நெனித், மாப்பிள்ளை வீட்டுக்காரங்க பன்னிக்கறியோட எப்ப பொண்ணு கேட்டு வர்றாங்க? இல்ல, கப்பல் ஏறினதும் டாட்டாதானா?"

எல்லோரும் சிரித்தார்கள். அன்றைக்கே அவனிடம் கேட்டேன்.

"நான் உனக்கு யாரு?"

"இதுக்கெல்லாம் எதுக்குப் பேரு வைக்கணும்? நல்லாத்தானே போயிட்டிருக்கு."

"உங்க அம்மாகிட்ட என்னைப் பத்திச் சொல்லுவியா?"

"பாக்கலாம்டி."

அந்த ஒரு 'பாக்கலாம்'மை வைத்துக்கொண்டு நான் எப்படி உயிரோடு இருப்பது? சோறு இறங்கவில்லை. பைத்தியம் பிடித்துவிடும் போலிருந்தது.

அவன் கிளம்பும் நாள் காலையில் அப்பாவின் படகுக்குப் போனேன்; ஆழத்தில் நிற்கும் கப்பலுக்கு அவனை அதில்தான் அப்பா கொண்டுபோய் விடுவதாக இருந்தது. படகு கவிழாமல் தாங்கும் பக்கவாட்டு மூங்கில் மிதவையின் கட்டுகளை மீன் அரியும் கத்தியால் அறுத்தேன். ஒன்றை மட்டும் விட்டுவைத்தேன். படகு சாய்ந்தால் கப்பல் போய்விடும், அவன் இன்னும் ஒரு வாரம் இருப்பான். அவ்வளவுதான் நினைத்தேன். கரையோர அலையை அந்த ஒரு கட்டு தாங்கிவிடும், பவளப்பாறை தாண்டிய பிறகுதான் அறும் என்பது படகோட்டி மகளுக்குத் தெரியாதா என்பீர்கள். தெரியும். அப்பா நன்றாக நீந்துவார் என்பதையும் யோசித்துத்தான் வைத்திருந்தேன்.

அன்று எங்கள் வீட்டில்தான் அவனுக்குச் சாப்பாடு. பாதியில் கப்பல் சங்கு ஊதியது. அவனும் அப்பாவும் அவசரமாக எழுந்தார்கள். சாப்பாட்டின் நடுவே யாராவது பயணம் கிளம்பினால், உட்கார்ந்திருப்பவர்கள் தட்டைச் சுற்றித் திருப்பி வைப்போம். அப்போதுதான் போகிறவருக்கு வழியில் ஒன்றும் ஆகாது.

"தட்டைத் திருப்புடி, என்னத்தப் பாத்துட்டிருக்க?" என்றாள் அம்மா.

திருப்பினேன். மனதாரத்தான் திருப்பினேன்.

அப்பா நீந்திக் கரையேறினார். ஆர்வினை மறுநாள் வலை போட்டு எடுத்தார்கள்.

சவப்பெட்டிக்குப் பக்கத்தில் அவன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ அவனுக்கு யாரும்மா?" என்று கேட்டார்.

"கட்டிக்கப் போறவ" என்றேன்.

அவர் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார். செத்தவரின் குடும்பத்தார் மட்டும் ஒரு வருடம் குத்திக்கொள்ளும் கறுப்புத் துணியை, தன் கையாலேயே ஊசியால் என் நெஞ்சில் குத்திவிட்டார்.

கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லிவிட்டேன். உள்ளே போகும்போது ஊசி எதுவும் கூடாது, அதைக் கழற்று என்கிறார் உங்கள் பெண் காவலர். அவரிடம் நீங்கள்தான் எடுத்துச் சொல்ல வேண்டும் ஐயா, இன்னும் வருடம் ஆகவில்லை. நான் அவன் வீட்டுப் பெண்.