பத்துக் கிலோ

—அப்படி அவசர அவதியா ஊத்தாதக்கா, கட்டி விழுந்துரும். மொதல்ல கொக்கோத் தூள்ல ரெண்டு கரண்டி இளஞ்சூட்டுத் தண்ணி விட்டுக் கொழச்சிக்க. அப்புறந்தான் பால்.

—ஒன்பது நாளா நான்தானே காய்ச்சுறேன் ஜீவராஜூ. நுவரெலியாவுல ஹோட்டல் வேலன்னதும் அக்காவுக்கே படிச்சுக் குடுக்க வந்துட்டாரு தொர.

—படிச்சுக் குடுத்ததே நான்தானே.

—அதுவும் சரிதான். நீ போன தடவ சொல்லிட்டுப் போன மாதிரியேதான் செய்றேன், கேட்டுக்க. கச்சான் கடலைய வறுத்து, தோல ஊதி, அம்மியில அரச்சது ரெண்டு கரண்டி. சோயா மாவு ஒரு கரண்டி, அதையும் பச்ச வாசம் போக வறுத்துட்டேன். பால்மா மூனு கரண்டி. சீனியே இல்ல, கித்துள் கருப்பட்டிதான். சரியா?

—சரி. பொங்க வுட்றாத. ஓரத்துல முட்ட முட்டயா வர்றப்பவே எறக்கிரு, இல்லாட்டி அடிப்புடிக்கும்.

—அதெல்லாம் தெரியும். பக்கத்து வீட்டுக் காம்பரா சண்முகவடிவு தெனமும் வாசம் புடிச்சிக்கிட்டு வந்து நிக்கிறா. இது என்னாடி சொக்லட்டா, சாப்பாடான்னு கேக்குறா. ரெண்டும்தான்னேன்.

—எங்க கடையில டின் பவுடரப் போட்டு, புரோட்டீன் ஹொட் சொக்லட்டுன்னு பெரிசா போர்டு எழுதி வைக்கிறாங்க. காலையில ஏரியச் சுத்தி ஓடிட்டு வர்ற வெள்ளக்காரங்க அதத்தான் கேப்பாங்க. அதுல உள்ள சத்து இதுலயும் இருக்கு. ருசி இதுதான் கூட.

—ஓடுறவங்களுக்கே அது வேணும்னா, நாலு எட்டு வச்சதும் நெஞ்சப் புடிச்சிக்கிட்டு குந்துற எம்புள்ளைக்கு எவ்வளவு வேணும்? நீயே சொல்லு.

—எங்க ஹம்சினி? சத்தத்தையே காணோம்.

—உள்ள தூங்குறா. மூனு தலகாணி அடுக்கி சாய வச்சிருக்கேன். படுக்கப் போட்டா மூச்சு முட்டுது.

—நான் வந்தப்ப ஒன்னுதானே வச்சிருந்த?

—இந்த மழைக்கு யாருக்குத்தான் சளி இல்ல. அத வுடு. ஒன்னு சொல்லவா? போன்ல சொல்லக் கூடாது, நேர்லதான் சொல்லணும்னு வச்சிருந்தேன்.

—என்ன?

—நேத்து வேலைக்குப் போறப்ப, புள்ளைய வுடுற பிள்ளைக் காம்பராவுல ஆயாம்மாகிட்ட கெஞ்சி, தராசுல ஏத்திப் பாத்தேன். ஒன்பது நாளைக்கு முந்தி எட்டு கிலோ அறநூறு. நேத்து எவ்வளவு தெரியுமா?

—ஒன்பது?

—பத்துடா! பத்து! முள்ளு ஆடாம அசையாம பத்துலயே நின்னுச்சு. நம்பாம எறக்கிட்டு, மறுபடி ஏத்திப் பாத்தேன். பத்துதான். ஆயாம்மாவே என்னக் கட்டிப் புடிச்சிக்கிச்சு.

—ஒன்பது நாள்ல ஒன்றரை கிலோ கிட்டவா?

—ஏன் அப்படிக் கேக்குற? சந்தோசமில்லயா ஒனக்கு? மூனு வயசாகுது. நெஞ்சுல ஓட்டையோட பொறந்தவ. பத்துக் கிலோ வந்தாத்தான் ஒப்பரேசன்னு பெரியாஸ்பத்திரியில ரெண்டு தடவ திருப்பி அனுப்பிட்டாங்க. ரெண்டு தடவையும் பஸ்ஸுல அழுதுக்கிட்டேதான் தலவாக்கலையில வந்து எறங்குனேன். இந்த வியாழக்கெழம யாரு திருப்பி அனுப்புறாங்கன்னு பாப்போம்.

—அத்தானுக்குச் சொல்லிட்டியா?

—நேத்தே சொல்லிட்டேன். கொழும்புல கடையில நின்ன வாக்குலயே அழுகுறாரு மனுசன். கல்யாணம் கட்டி ஏழு வருசத்துல அவரு அழுது நான் கேட்டதே இல்ல. செவப்புச் சப்பாத்து வாங்கி அனுப்புறாராம். ஒப்பரேசன் முடிஞ்சதும் அதப் போட்டுக்கிட்டு, அவளே கோயில் வரைக்கும் நடந்து போகணுமாம். இது வரைக்கும் அந்தப் புள்ளைய நடக்க வுட்டிருக்கோமா, சொல்லு. தூக்கிக்கிட்டேதானே திரியுறோம்.

—ஒரு நாளைக்கு எத்தன கோப்பக்கா குடுக்குற?

—நீ ரெண்டுன்னுதான் சொன்ன. ரெண்டுக்கே அரைக் கிலோ ஏறும்னா அஞ்சு குடுத்தா எவ்வளவு ஏறும்னு யோசிச்சேன். காலையில பேர் குடுக்க பெரட்டுக்குப் போறதுக்கு முந்தி ஒன்னு, போத்தல்ல ஊத்தி ஆயாம்மாகிட்ட குடுத்துட்டுப் போறது ரெண்டு, மலையில இருந்து எறங்கி வந்து ரெண்டு. அதுக்கு மேல கஞ்சி. அவ கேக்குறப்ப தண்ணி. கேட்டுக்கிட்டேதான் இருப்பா.

—சோறு?

—சோத்த வாயிலயே வைக்க மாட்டேங்குறா. குடிக்கிறது மட்டுந்தான். குடிக்கிறாளே, அது போதாதா? இந்தா, முழிச்சிட்டா. போய்த் தூக்கு. மாமா மாமான்னு ஒன்னத்தான் தேடுவா.

—வாடி தங்கம், மாமாகிட்ட வா... அக்கா. கொஞ்சம் இங்க வா.

—கன்னத்தப் பாத்தியா? முந்தி எலும்பு தள்ளிக்கிட்டு நின்னுச்சு. இப்ப கிள்ளலாம் போல இருக்கு.

—கண்ணு ரெண்டும் ஊதியிருக்கே.

—இப்பத்தானே முழிச்சா, அப்படித்தான் இருக்கும்.

—கொலுசு எங்க?

—இறுக்குதுன்னு நேத்துதான் கழட்டி வச்சேன். ரெண்டு வருசமா காலுல நிக்காம நழுவி விழுந்துக்கிட்டு கெடந்த கொலுசுடா அது! கழட்டுறப்ப எனக்கு எப்படி இருந்துச்சு தெரியுமா? எம்புள்ள காலுக்கு அது பத்தலன்னு.

—அக்கா, இந்த முழங்காலுக்குக் கீழ வெரல வச்சு அமுக்கு.

—எதுக்கு?

—அமுக்கேன். ம்... இப்ப எடு.

—குழி விழுந்திருக்கு.

—மேல வரலியேக்கா.

—வரும். புதுச் சதை, இன்னும் இறுகல. கொஞ்ச நேரத்துல வந்துரும்.

—மிட்வைப் மிஸ் நம்பர் எங்கிட்ட இருக்கு. தண்ணிப் பீலிகிட்ட போனாத்தான் சிக்னல் வரும். ஒரு கோல் எடுத்துட்டு வந்துர்றேன்.

—ஞாயித்துக்கெழமையும் அதுவுமா அந்த மிஸ்ஸ ஏன் தொல்ல பண்ணுற? சரி, போய்ட்டு வா. அவங்களுக்கும் நிறை கூடுன நல்ல சேதியச் சொல்லு.

—ஹலோ, தனுஷிகா மிஸ்ஸா? நான் ஜீவராஜ் பேசுறேன். மேல் டிவிசன் சர்மிளாவோட தம்பி.

—சொல்லுங்க தம்பி. பிள்ளைக்கு எப்படி இருக்கு?

—ஒன்பது நாள்ல ஒன்றரை கிலோ ஏறியிருக்கு மிஸ்.

—என்ன? முகம் வீங்கியிருக்கா?

—கண்ணு ஊதியிருக்கு. காலுல அமுக்குனா குழி விழுது, அப்படியே நிக்குது. படுத்தா மூச்சு வாங்குதுன்னு மூனு தலகாணி வச்சிருக்காங்க.

—தம்பி, கவனமா கேளுங்க. அது சதை இல்ல. இருதயம் ஏலாம போச்சு, உடம்புல தண்ணி தேங்குது. வியாழக்கிழமை வரைக்கும் வச்சிருக்க ஏலாது, இப்பவே ஆஸ்பத்திரிக்கு எடுக்கணும். ஆம்புலன்ஸுக்கு நான் சொல்றேன். உங்க ரோட்டுல மேல வர மாட்டாங்க, கோயிலடிக்குத் தூக்கிட்டு வாங்க. கிளினிக் கொப்பி, டொக்டர் எழுதுன துண்டு எல்லாத்தையும் எடுத்துக்குங்க. குடிக்க ஒன்னும் குடுக்க வேணாம்.

—பயமா மிஸ்?

—பயம்தான் தம்பி. உங்ககிட்ட பொய் சொல்ல ஏலாது.

—அக்காகிட்ட நான் என்னன்னு சொல்லுவேன்? அவ ரொம்ப சந்தோசமா இருக்கா மிஸ்.

—எனக்கும் சொல்லத் தெரியல. சீக்கிரம் கூட்டிட்டு வாங்க.

—அக்கா! பிள்ளையக் கம்பளியில சுத்து. ஆம்புலன்ஸ் வருது, பெரியாஸ்பத்திரிக்குப் போறோம்.

—இன்னைக்கேவா? டேய், பத்து கிலோ வந்துருச்சுன்னு மிஸ்கிட்ட சொன்னியா? அதான் வியாழக்கெழமைக்கு முந்தியே கூப்புடுறாங்களா?

—அக்கா...

—மாரியம்மா தாயே, கண்ணத் தொறந்துட்டியே! இரு, சீலைய மாத்திக்கிறேன். நீ அத்தானுக்கு கோல் எடுத்து நேரா அங்கயே வரச் சொல்லு. இந்தக் கோப்பைய மட்டும் ஊட்டிர்றேன். தராசுல கொஞ்சம் கூடவே நிக்கட்டும்.

—வேணாம். குடுக்காத.

—சூடு பதமா இருக்குடா. போற வழியில பசிக்கும் புள்ளைக்கு.

—குடுக்காதன்னா குடுக்காதக்கா! கீழ வையி!

—எதுக்கு இப்படிக் கத்துற? புள்ள பயப்புடுறா பாரு. என்னடா, நீ அழுவுறியா?

—மழை நாள்ல நீங்க பறிச்ச தேயிலக் கொழுந்து நிறுக்குறப்ப என்ன செய்வாங்க?

—இப்ப எதுக்கு அந்தக் கத? எலையில தண்ணி நிக்குதுன்னு ரெண்டு கிலோ, மூனு கிலோ கழிப்பாங்க. தெரியாதவன் மாதிரி கேக்குற. ஏன் அப்படிப் பாக்குற? ஜீவராஜூ... எம்புள்ளைக்கா?

—ஆமாக்கா.

—எவ்வளவு கழிக்கணும்?

—வா, போய்க்கிட்டே பேசுவோம்.

—சொல்லிட்டுப் போ. அரைக் கிலோவா? அரைக் கிலோ போனாலும் ஒன்பதரை நிக்கும்ல? ஒன்பதரைக்குக் கால்ல விழுந்து கேட்டா எடுக்க மாட்டாங்களா?

—ஏறுனது சதையே இல்லக்கா. முழுசும் தண்ணிதான்னு மிஸ் சொல்லுறாங்க.

—முழுசுமா? ஒன்பது நாளும் எம் பங்குத் தேத்தண்ணிக்கு உள்ள பால்மாவையும் சேத்துத்தானே அவளுக்குப் போட்டேன். வேணாம்னு தலைய ஆட்டுறப்பக் கூட, அப்பா சப்பாத்து வாங்கித் தருவாருன்னு சொல்லிச் சொல்லி ஊட்டுனேன்.

—ஒம் மேல ஒரு தப்பும் இல்ல. சொல்லிக் குடுத்தவன் நான். எனக்கு என்னா தெரியும், வெள்ளக்காரனுக்கு சொக்லட் ஆத்துறவன்.

—ஒன்ன ஏன்டா நீ திட்டிக்கிற? நல்லதுக்குத்தானே சொன்ன. புள்ளைய இப்படிக் குடு, என் தோளுல போடு. மூச்சு எப்படி அடிக்குது பாரு. நான்தான் பாக்காம இருந்துட்டேன், தராசையே பாத்துக்கிட்டு.

—கொப்பி எங்க வச்சிருக்க?

—சாமிப் படத்துக்குக் கீழ. உள்ள மடிச்ச துண்டு ஒன்னு இருக்கும், அதையும் எடு. போன தடவ டொக்டர் எழுதிக் குடுத்தது.

—இதுவா?

—அதுதான். வியாழக்கெழம வரச் சொன்ன திகதி, கொப்பியில உள்ளதுதான். அவரு சிங்களத்துல நெறைய சொன்னாரு, எனக்கு பர, பரன்னு ஒரு சொல்லுதான் வெளங்குச்சு. பரன்னா நிறைதானே? இந்தத் துண்ட ரெண்டு தடவ வெரலால தட்டிக் காட்டுனாரு. தொலைச்சிராதன்னு சொல்லுறாரு போலன்னு, மூனு மாசமா திருநீறு போட்டுப் பத்திரமா வச்சிருக்கேன். என்னடா அப்படியே நிக்கிற?

—இது திகதி இல்லக்கா.

—பின்ன? ஒனக்கு சிங்களம் வாசிக்கத் தெரியும்ல, என்னான்னு சொல்லு.

—அப்புறம் வாசிக்கலாம். ஆம்புலன்ஸ் வந்துரும்.

—எம்புள்ளைக்கு எழுதுனத நான் கேக்கணும். மறைக்காம வாசி.

—பால், கஞ்சி, தண்ணி, எது குடிக்கக் குடுத்தாலும் எல்லாம் சேத்து ஒரு நாளைக்கு மூனு கோப்பைக்கு மேல குடுக்க வேணாம்னு எழுதியிருக்குக்கா.