உதைக்கப் போனவன்

திங்கள் காலை, அமெரிக்காவில் இன்னும் ஞாயிறு. மெல்பேர்னில், ரோவில் என்ற புறநகருக்குப் போகும் பேருந்தில், என் முன்னிருக்கையில் இரண்டு இலங்கைப் பெண்கள். மூத்தவரின் கைபேசியில் அமெரிக்கன் ஃபுட்போல் ஓடிக்கொண்டிருந்தது.

“மகன்ர ரீம் தோக்கவேணும் எண்டோ நேர்த்தி வைச்சனீங்கள், அக்கா?”

“தோக்க வேண்டாம். கொஞ்சம் மாட்டுப்பட்டாக் காணும். முன்னுக்குப் போக ஏலாட்டித்தான் பந்தை உதைக்க இவனைக் கூப்பிடுவினம். இண்டைக்கு உதைச்சுக் காட்டாட்டி ஒப்பந்தமும் இல்லை, விசாவும் இல்லை.”

“இப்ப என்ன மாதிரி?”

“இவன்ர ரீம்தான் வெளுத்து வாங்குது. பிள்ளை வெளியில வாங்கிலதான் குந்தியிருக்கிறான்.”

“முருகன் ஆள் மாறி உதவி செய்யிறார் போல.”

பேருந்து ஒரு நிறுத்தத்தில் நின்றது.

“அக்கா, இறங்கேல்லையோ?”

“பொறடி, இவன்ர ரீமை மற்றவங்கள் மறிச்சுப்போட்டாங்கள்! சனமெல்லாம் தலையில கை வைக்குது. என்ர பிள்ளை எழும்பி வாறான்.”

பேருந்து புறப்பட்டது. இருவரும் இறங்கவில்லை.