எங்கள் தெருவும் அழிந்த விவரம்

என் பெயர் வீணா, வயது அறுபத்தாறு, கணவர் பெயர் ஓஸ்வால்ட். பெங்களூரு காக்ஸ் டவுனில் சர்ச்சுக்குப் பின்தெருவில், வாசலில் கொய்யா மரம் உள்ள சொந்த வீட்டில் நானும் கணவரும் மட்டும் குடியிருக்கிறோம். பள்ளியில் கணக்கு ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். கன்னடம் பேசுவேன், ஆனால் இன்று நாக்கு ஒத்துழைக்கவில்லை, தமிழில்தான் வருகிறது என்று சொன்னதன் பேரில், தமிழ் எழுதத் தெரிந்த கோலார்க்காரரான தலைமைக் காவலர் லட்சுமம்மா நான் சொல்லச் சொல்ல எழுதுகிறார்.

இன்று சனிக்கிழமை காலை வீட்டைவிட்டுப் போன என் கணவர் ஓஸ்வால்ட் இந்த நேரம்வரை திரும்பவில்லை. அவருக்கு வயது எழுபத்திரண்டு, மாநிறம், என்னைவிட ஒரு சாண் உயரம், முன்பக்கம் வழுக்கை. வெள்ளையில் மெல்லிய நீலக்கோடு போட்ட அரைக்கைச் சட்டையும் பழுப்புக் கால்சட்டையும் போட்டிருந்தார். கையில் நீல வயர்கூடையும் செல்போனும் இருந்தன. சர்க்கரை நோயாளி. மதியம் வேளைக்குச் சாப்பிடாவிட்டால் வியர்த்துக் கொட்டிக் கை நடுங்கும், பேச்சு குழறும். இன்று மதியம் அவர் சாப்பிட்டிருக்க வாய்ப்பில்லை. வீட்டில் சண்டை எதுவும் இல்லை. சண்டையா என்று இன்ஸ்பெக்டர் இரண்டு முறை கேட்டார், இரண்டு முறையும் இல்லை என்றேன். ஆனால் நான் செய்த ஒரு காரியம் இருக்கிறது, அதை முதலிலிருந்து சொன்னால்தான் விளங்கும்.

எங்கள் மகன் க்ளென் மெல்பர்னில் வேலை செய்கிறான். போன கிறிஸ்துமஸுக்கு வந்திருந்தபோது, டாக்டர் நடக்கச் சொல்லியும் அப்பா நாற்காலியை விட்டு எழுவதில்லை என்று நான் புலம்பியதன் பேரில், அவருடைய போனில் ஒரு விளையாட்டைப் போட்டுக் கொடுத்தான். அதன் பெயர் என் வாயில் நுழையாது, வீட்டில் பச்சை கேம் என்போம். திரையில் ஊரின் படம் சாம்பல் நிறத்தில் இருக்கும். எந்தத் தெருவில் நடக்கிறோமோ அந்தத் தெரு பச்சையாக மாறிவிடும், ஒரு பகுதியில் எல்லாத் தெருவும் பச்சையானால் நடுவில் ஒரு மரம் முளைக்கும். அவ்வளவுதான் விளையாட்டு. அந்த விளையாட்டு மின்னஞ்சல் முகவரி கேட்டபோது அதெல்லாம் கொடுக்கக் கூடாது என்று நான் தடுத்துவிட்டேன், எனவே நடந்த தெருக்களெல்லாம் அந்தப் போனுக்குள் மட்டுமே சேர்ந்திருந்தன என்பது எனக்குத் தெரியும்.

அதன் பிறகு என் கணவர் தினமும் நடக்க ஆரம்பித்தார். காக்ஸ் டவுனை முடித்தார், ஜீவனஹள்ளியை முடித்தார், மாருதி சேவா நகரில் மரம் முளைத்த அன்று எனக்கு ஜிலேபி வாங்கி வந்து, தான் சாப்பிடாமல் எனக்கு ஊட்டினார். சர்ச்சில் எல்லாரும் அவரை நகராட்சி மேஸ்திரி என்று கிண்டல் செய்தார்கள். எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது, இல்லை என்று சொன்னால் பொய்.

அதன் பிறகு, கோடைக்குப் பின், அவர் வீடு வந்து சேர நேரமாக ஆரம்பித்தது. சோறு ஆறிக் கிடக்கும். கேட்டால் சுற்றிக்கொண்டு வந்தேன் என்பார். எதிரே யார் வருகிறார்கள் என்று பார்க்காமல் போனையே பார்த்து நடக்கிறார் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள். போன வாரம் லிங்கராஜபுரத்தில் நடைபாதைக் கல் தடுக்கி விழுந்து முட்டியைச் சிராய்த்துக்கொண்டு வந்தார். டெட்டால் போட்டுத் துடைக்கும்போது, இனி அந்தப் போனைப் பார்த்து நடக்கக் கூடாது என்று சொன்னேன். அவர் சிரித்துக்கொண்டே போனைப் பையில் வைத்துக்கொண்டார். எல்லாம் அந்த விளையாட்டால் வந்த வினை என்று நான் முடிவு கட்டிவிட்டேன். நான் ஒன்றை முடிவு கட்டினால் மாற்றிக்கொள்ளும் ரகம் இல்லை.

விளையாட்டையே எடுத்துவிட்டால் க்ளென்னிடம் கேட்டுத் திரும்பப் போட்டுக்கொள்வார். சேர்த்து வைத்தது மட்டும் அழிந்துபோனால், இத்தனை மாத நடை வீணானதே என்று வெறுத்துப்போய்த் தானாக விட்டுவிடுவார் என்று கணக்குப் போட்டேன். நேற்று மதியம் அவர் சாப்பிட்டுவிட்டுக் கண்ணயர்ந்தபோது போனை எடுத்து, செட்டிங்ஸில் அந்த விளையாட்டைத் தேடி, கிளியர் டேட்டா என்பதை அழுத்தினேன். எல்லாம் நிரந்தரமாக அழிந்துவிடும், சரிதானா என்று போன் கேட்டது. சரி என்று அழுத்தினேன். அழுத்தும்போது எனக்குத் தயக்கம் இருக்கவில்லை. அலமாரியை ஒழித்துத் துடைத்த மாதிரி திருப்தியாக இருந்தது. இதையும் எழுதிக்கொள்ளச் சொன்னேன்.

“இது எதுக்கும்மா? காணாமப் போனவருக்கு அடையாளம் போதும்,” என்று லட்சுமம்மா சொன்னார். எழுதித்தான் ஆகவேண்டும் என்றேன்.

அதன் பிறகு இன்று காலை காபி குடித்துக்கொண்டே அவர் விளையாட்டைத் திறந்தார். நான் சமையலறையில் இருந்தேன். ஏதோ கேட்கிறது, என்ன போடுவது என்று அங்கிருந்து குரல் கொடுத்தார். எங்கள் சபையில் ஒருவரைப் போனில் ஏமாற்றிய நாள்முதல், போன் எது கேட்டாலும் வேண்டாம் என்று போடவேண்டும் என அவருக்குச் சொல்லிச் சொல்லிப் பழக்கியிருக்கிறேன். “வேணாம்னு போடுங்க,” என்று திரும்பிப் பார்க்காமலே சொன்னேன். அவரும் அப்படியே போட்டார். எல்லாம் அழிந்ததால், போன் இருக்கும் இடத்தைப் பார்த்துக்கொள்ளத்தான் அந்த விளையாட்டு மறுபடியும் அனுமதி கேட்டிருக்கிறது என்பது மதியத்துக்கு மேல்தான் எனக்கு உறைத்தது.

நான் வெளியே வந்து பார்த்தபோது காபியைக் குடிக்காமல் போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“வீணா, எல்லாம் போயிடுச்சி. நம்ம தெருகூடப் போயிடுச்சி பாரு,” என்றார்.

“தெரு எங்க போவும்? வெளியிலதான இருக்கு,” என்றேன். சிரித்துக்கொண்டுதான் சொன்னேன்.

அவர் கோபப்படுவார், க்ளென்னுக்குப் போன் போடு என்பார் என்று எதிர்பார்த்தேன். அப்படி எதுவும் நடக்கவில்லை. முகம் மட்டும் வெளுத்துவிட்டது. பயந்திருக்கிறார் என்று எனக்குப் புரியவில்லை, விளையாட்டு போன வருத்தம் என்று நினைத்தேன். வருத்தம் தெளியட்டும், அந்த விளையாட்டு இல்லாமலும் வெளியே போய் வரலாம் என்று தெரிந்துகொள்ளட்டும் என எண்ணி, காக்ஸ் டவுன் மார்க்கெட்டுக்குப் போய் வஞ்சிரம் கிடைக்கிறதா பார்த்து வரும்படி நானே கூடையைக் கையில் கொடுத்தேன். அவர் கேட்டைத் திறந்துகொண்டு நின்று, “நீயும் வரியா?” என்று கேட்டார். கல்யாணமான இத்தனை வருடத்தில் மீன் வாங்க அவர் என்னைக் கூப்பிட்டதே இல்லை. எனக்கு வேலை கிடக்கிறது என்று சொல்லி உள்ளே வந்துவிட்டேன்.

அதன் பிறகு புளி கரைத்து, மசாலா அரைத்து வைத்துக் காத்திருந்தேன். மார்க்கெட் எங்கள் வீட்டிலிருந்து கூப்பிடு தூரம். வெகுநேரம் வராததால் போன் செய்தேன், மணி அடித்தது, எடுக்கவில்லை. பிறகு செய்தபோது அணைக்கப்பட்டிருப்பதாகச் சொன்னது. அதன் பிறகு வீட்டைப் பூட்டிக்கொண்டு மார்க்கெட்டுக்குப் போய் நாங்கள் வழக்கமாக வாங்கும் மீன்கடையில் கேட்டேன், வரவில்லை என்றார்கள். வீலர் ரோடு முழுக்க நடந்தேன். எதிரே வந்த வழுக்கைத் தலையெல்லாம் அவராகத் தெரிந்தது. அதன் பிறகு அவர் நடைக்கு நடுவில் டீ குடிக்கும் பானஸ்வாடி ரோட்டு பேக்கரிக்குப் போனேன். அதை நடத்துபவர் சுந்தரம் என்பவர், எனக்கு முன்பழக்கம் இல்லை. பெயரைச் சொன்னதும் தெரிந்துகொண்டார்.

“இன்னிக்கி வரலியேம்மா. வழி மறந்துட்டாரா?” என்று அவர் கேட்டார். வழி மறக்க அவர் என்ன சின்னப் பிள்ளையா, பிறந்து வளர்ந்த ஊர் என்று நான் சற்றுக் கடுமையாகவே சொன்னேன். சுந்தரம் கல்லாவை விட்டு இறங்கி வந்து என்னை உட்காரச் சொன்னார். அதன் பிறகு அவர் சொன்னதை அப்படியே சொல்கிறேன்.

“நாலஞ்சு மாசமா சாருக்கு வழி மறந்து போவுதும்மா. ஒரு நாளு இங்கயே நின்னுகினு, எந்தப் பக்கம் போனா வூடு வரும்னு கேட்டாரு. நான் வந்து வுட்டுட்டு வரேன்னேன். வேணாம் சுந்தரம், இதுல பச்சையா இருக்கிற ரோட்டைப் புடிச்சா வூடு வந்துடும்னு போனைக் காட்டினாரு. டீச்சருக்குச் சொல்லாத, பயந்துடுவாங்கன்னாரு.”

என்னை அவர் டீச்சர் என்றுதான் வெளியில் சொல்வார். நடந்து பச்சையாக்கிய தெருவெல்லாம் அவருக்கு விளையாட்டு இல்லை, திரும்பி வரும் வழி. முட்டியைச் சிராய்த்துக்கொண்டு வந்த அன்றும், சோறு ஆறிப்போன ஒவ்வொரு நாளும், அவர் அதைப் பிடித்துக்கொண்டுதான் வீடு வந்து சேர்ந்திருக்கிறார். அதைத்தான் நான் துடைத்து வைத்தேன். இன்று காலை அனுமதி கொடுத்திருந்தாலாவது கேட்டிலிருந்து நடந்த தடம் புதிதாகப் பச்சையாகி இருக்கும். அதையும் நானே வேண்டாம் என்று போடவைத்தேன். வேறு வரைபடம் திறந்து வழி பார்க்க அவருக்குத் தெரியாது.

சுந்தரம் கடையை ஆளிடம் விட்டுவிட்டுத் தன் ஸ்கூட்டரில் என்னை ஏற்றிக்கொண்டு ரிச்சர்ட்ஸ் டவுன் பூங்காவரை தேடினார். கிடைக்கவில்லை. அதன் பிறகு நேராக இங்கே கொண்டுவந்து விட்டார். க்ளென்னுக்கு இன்னும் சொல்லவில்லை. என்ன என்று சொல்வது என்று தெரியவில்லை.

இதுவரை எழுதியதை லட்சுமம்மா எனக்குப் படித்துக் காட்ட ஆரம்பித்தார். நீல வயர்கூடை என்ற இடம் வந்தபோது மேசையருகே நின்றிருந்த இன்ஸ்பெக்டர் நிறுத்தச் சொல்லி, என்ன கூடை என்று கேட்டார். அதன் பிறகு ரோந்து வண்டிக்குப் போன் செய்து பேசினார். ரோந்துக் காவலர் சொன்னதை லட்சுமம்மா எனக்குச் சொன்னார். கொஞ்ச நேரத்துக்கு முன்னால் பானஸ்வாடி ரயில்வே ஸ்டேஷன் அருகே ஒரு முக்கில் வயதானவர் ஒருவர் நீலக் கூடையோடு நின்று, போனை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாராம். கூடையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்ததாம். வண்டியை நிறுத்தி, வழி தெரியவில்லையா என்று கேட்டதற்கு, வாக்கிங் வந்தேன், வீடு இங்கேதான், ரொம்ப நன்றி என்று கன்னடத்தில் சொல்லிச் சிரித்தாராம். ஆகவே விட்டுவிட்டு வந்துவிட்டார்களாம்.

போனில் வெளிச்சம் இருந்ததா என்று கேட்கச் சொன்னேன். இல்லை, திரை கறுப்பாகத்தான் இருந்தது என்று பதில் வந்தது.

அது என் கணவர்தான். வேறு ஏதோ கடையில் மீனை வாங்கியிருக்கிறார், என்னிடம் கொண்டுவரத்தான் வழி தெரியவில்லை. ஆகவே எல்லா வண்டிக்கும் தெரிவிக்கும்படி இதை மட்டும் சேர்த்து எழுதச் சொல்கிறேன். அவரைப் பார்த்தால் வழி தெரியவில்லையா என்று கேட்க வேண்டாம், அவர் ஒருநாளும் ஆமாம் என்று சொல்ல மாட்டார். டீச்சர் கூடவே வந்திருக்கிறாள் என்று சொன்னால் போதும். வாக்கிங் வந்தேன், வீடு இங்கேதான் என்று எவர் சொல்கிறாரோ அவர்தான் ஓஸ்வால்ட்.

மேலே கண்டவை நான் என் வாயால் சொன்னவை, எதையும் கூட்டவுமில்லை, எனக்குப் பாதகமானதைக் குறைக்கவுமில்லை. தொடக்கத்தை மட்டும்தான் படிக்கக் கேட்டேன். வாசலில் வண்டி புறப்பட நிற்பதால் மீதியை அவரோடு திரும்பி வந்து கேட்டுக்கொள்கிறேன் என்று சொல்லிக் கையெழுத்துப் போடுகிறேன்.

(ஒப்பம்) வீணா ஓஸ்வால்ட்

சொன்னபடி எழுதியவர்: லட்சுமம்மா, தலைமைக் காவலர்